மறைப்பது ஒழுக்கமாகுமா?

பருவம் எய்தும் பிள்ளைகளுக்கு உடலின் மாறுதல்களைப் பெற்றோர் எடுத்துரைத்தல் தகுமா என்று சென்ற பௌர்ணமிக் கூட்டத்தில் ஓர் அம்மையார் நம்மை வினவினார். சொன்னால் பிள்ளை கெட்டுவிடும் என்பது அவர்தம் அச்சம். அவ்வச்சம் நம்மிடமும் இருந்தது. அதனால் விளைந்ததை மறையாது கூறுகின்றோம்.

நாம் நூற்பாலையில் இரவு ஷிப்டு பார்த்துவந்த நாளில், நமது மகனுக்கு வயது பதினான்கு. உறக்கத்தில் விந்து வெளிப்பட்டதைக் கண்டு அஞ்சி, நம்மிடம் வந்து அரைகுறையாகச் சொன்னான். கெட்ட எண்ணம் உள்ளவனுக்கே அவ்வாறு நேரும் என்று அதட்டி அனுப்பினோம். அதன்பின் அவன் நம்மிடம் ஒன்றும் கேட்டிலன். வேலைக்குப் போகத் தொடங்கியதும், மாதம் ஒருமுறை லாட்ஜில் வந்து தங்கும் வைத்தியர் ஒருவரிடம் தன் கூலியைக் கொடுத்து, ஈராண்டு லேகியம் வாங்கித் தின்றான். நோயோ யாதொன்றும் இல்லை! தாது போனால் உயிர் போகும் என்னும் இவ்வச்சம் நம் நாட்டில் மிகுதி. உளநோய் மருத்துவர் என். என். விக் என்பார் 1960 இல் இதற்குத் தாத் சிண்ட்ரோம் என்றே பெயரிட்டார்.

நாம் மகனிடம் உரைத்தது பொய். நான்காம் சீலத்தை நாள்தோறும் ஓதிய அதே வாயால் உரைத்தோம். நாம் வாய்மூடினால் பிள்ளை ஒன்றும் கல்லான் என்று எண்ணினோம். அவன் கற்கத்தான் செய்தான். ஆசான் மட்டும் லாட்ஜில் இருந்தான். 2007 இல் மகாராஷ்டிரம், கருநாடகம் முதலிய மாநிலங்கள் பள்ளிகளில் வளரிளம் பருவக் கல்வியை நிறுத்தியபோதும் பண்பாடு கெடும் என்றே காரணம் கூறப்பட்டது.

பெண்மக்களின் நிலை இதனினும் கொடிது. பெரும்பாலும் 8 முதல் 13 வயதுக்குள் அவர்கள் உடல் மாறத் தொடங்குகின்றது. மாதந்தோறும் வெளிப்படுவது கருப்பையின் உட்படலமும் குருதியுமேயன்றி அழுக்கன்று. முதல் ஓரிரு ஆண்டுகள் நாள் தவறி வருவதும் இயல்பே. இதனை முன்னரே அறியாத சிறுமி, குருதி கண்டு தான் சாகப்போவதாகவே நடுங்குகின்றாள். நாமோ அவளைத் தனித் தட்டும் தனிப் பாயும் கொடுத்து மூலையில் இருத்துகின்றோம். தீட்டு என்னும் சொல்லால் ஊருக்குப் புறத்தே நிறுத்தப்பட்டவர்கள் நாம். அச்சொல்லை நம் மகள்மீது ஏவ நமக்கு எங்ஙனம் மனம் வருகின்றது?

மூன்றாம் சீலத்தையும் பெண்ணுக்கே பூட்டாக மாட்டிவிட்டோம். மறுத்தவளைப் பின்தொடராதே, அவள் மறுப்பு உனக்கு இழிவன்று என்று ஆண்பிள்ளைக்கு உரைத்த தந்தையர் நம்முள் எத்துணைப் பேர்? அம்பலட்டிகையில் பகவர் தம் மைந்தர் இராகுலருக்குப் போதித்த முறை நம் கைவசம் உள்ளது. செய்யுமுன்னும், செய்யும்போதும், செய்தபின்னும், இச்செயல் தன்னையோ பிறரையோ வருத்துமா என்று கண்ணாடியில் முகம் பார்ப்பதுபோல் பார்க்கச் சொன்னார். காதலுக்கும் நட்புக்கும் இதுவே போதும். பதினெட்டு நிரம்பாதவரைக் காக்க 2012 ஆம் ஆண்டுச் சட்டம் இருப்பதையும், தகாத முறையில் தொடுபவர் உறவினரேயாயினும் வீட்டில் வந்து சொல்லலாம் என்பதையும் பிள்ளைகள் அறிதல் வேண்டும்.

பேச நாணும் தாயார், 2014 இல் தொடங்கிய தேசிய வளரிளம் பருவ நலத்திட்டத்தின்கீழ் அரசு மருத்துவமனைகளில் அமைந்த ஆலோசனை நிலையத்துக்கு மகளை அழைத்துச் செல்லலாம். தந்தையர் இது பெண்டிர் காரியம் என்று விலகிவிட வேண்டா. நமது மகன் அன்று வந்து நின்றது தந்தையிடமே.