நீதிக்குச் சாட்சி

நம் வீட்டுக் குறையை அயலார் முன்னிலையில் எடுத்துரைக்கலாமா? உரைப்பவன் சமுதாயத்தைக் காட்டிக் கொடுத்தவன் ஆவானா? நம்மிடையே நெடுங்காலமாக உலவி வரும் வினா இது. ஜெர்மனியின் பொதுமேடைகளில் ஒரு முஸ்லிம் ஆற்றிய இரண்டு உரைகளைச் சிந்தித்தால், இதற்கோர் விடை புலப்படும்.

நவீத் கெர்மானி, ஈரானியப் பெற்றோருக்கு 1967-ல் ஜெர்மனியின் ஸீகன் நகரில் பிறந்தவர், எழுத்தாளர். திருக்குர்ஆனின் ஓசையும் சொல்லும் கேட்போர் உள்ளத்தில் எழுப்பும் அழகுணர்வை ஆராய்ந்து 1999-ல் ஜெர்மன் மொழியில் நூல் வெளியிட்டவர்.

ஜெர்மனியின் அரசியல் சட்டத்திற்கு 65 ஆண்டுகள் நிறைந்த 2014 மே 23 அன்று, நாடாளுமன்றத்தில் அவர் சிறப்புரையாற்றினார். அச்சட்டத்தின் மாண்பை மனமாரப் போற்றினார். 1970-ல் வார்சாவில் யூதர்களின் நினைவுச்சின்னத்தின் முன் மண்டியிட்ட வில்லி பிராண்டை நினைவூட்டி, பணிவினால் ஒரு நாடு மீண்டும் கண்ணியம் பெற்றதை எடுத்துக்காட்டினார். ஆனால், புகழ்ச்சியோடு நிற்கவில்லை. அரசியல் அடக்குமுறைக்கு ஆளானோர்க்குப் புகலிட உரிமை வழங்கிய ஒரு சிறு வாக்கியம், 1993-ல் நிபந்தனைகள் அடுக்கப்பட்டுச் சிதைந்ததை, சட்டமியற்றும் அவையிலேயே கண்டித்தார். இறுதியில் அந்நாட்டிற்கு நன்றியும் நவின்றார்.

மறு ஆண்டு அக்டோபரில், பிராங்க்பர்ட் நகரில் ஜெர்மன் புத்தக வணிகர்களின் அமைதிப் பரிசை ஏற்றபோது, தம் சமுதாயத்தின் பக்கம் திரும்பினார். இஸ்லாத்தின் பெயரால் சிரியாவில் கிறிஸ்தவர்கள் சிறைபிடிக்கப்பட்ட கொடுமையை அவர் மறைக்கவில்லை. முஸ்லிம்கள் தம் அறிவு மரபை இழந்து நிற்பதை வருந்தி உரைத்தார். முடிவில், கரவொலி வேண்டாம், சிறைப்பட்டோர்க்காகப் பிரார்த்தியுங்கள் என வேண்டினார். அவையோர் எழுந்து நின்றனர்.

இத்தகைய பேச்சு பகைவர் கையில் ஆயுதமாகாதா என்னும் அச்சம் பொருளற்றதன்று. கேட்போரை மகிழ்விக்கவே தன்னினத்தைத் தூற்றுவோரும் உண்டு. இருவரையும் பிரித்தறிவது எங்ஙனம்? தூற்றுபவன் நாடுவது கைதட்டலை; சாட்சி சொல்பவன் நாடுவது துன்புற்றோரின் விடுதலையை. முன்னவனிடம் இரண்டு தராசுகள் இருக்கும். பின்னவனிடம் ஒன்றே இருக்கும். விருந்தளித்தவரின் பிழையை அவர் இல்லத்திலேயே சொன்ன நாவுக்கு, உற்றாரின் பிழையைச் சொல்லும் உரிமையும் உண்டு.

நீதிக்குச் சாட்சி நிற்கையில், அது நமக்கோ பெற்றோர்க்கோ பாதகமாயினும் வழுவலாகாது என்பது திருமறை நமக்கு விதித்த கடமை. அக்கடமையை நம் இல்லங்களில் எத்தனை முறை நிறைவேற்றியிருக்கிறோம்? பிறர் குறையை உரக்கவும், நம் குறையை முணுமுணுப்பாகவும் பேசிப் பழகிய நாம், அந்த ஒற்றைத் தராசை என்று கையில் எடுக்கப் போகிறோம்?