தோளேறிச் செல்லும் யாத்திரை

இருபது தீர்த்தங்கரர்கள் வீடுபேறு எய்திய சம்மேதசிகரத்தை வாழ்நாளில் ஒருமுறையேனும் வலம்வர வேண்டும் என்னும் வேட்கை நம் குடும்பங்கள் ஒவ்வொன்றிலும் உண்டு. ஜார்க்கண்ட் மாநிலத்திலேயே உயர்ந்த மலை அது. ஏறத்தாழ 1,365 மீட்டர். அடிவாரமாகிய மதுவனத்திலிருந்து ஏற 9 கிலோமீட்டர், மேலே கூடங்களை வலம்வர 9, இறங்க 9 என 27 கிலோமீட்டர் நடக்க வேண்டும். நள்ளிரவு கடந்ததும் நீராடித் தூய ஆடை உடுத்திச் செருப்பின்றிப் புறப்படுவது வழக்கம்.

அம்பத்தூரில் எங்கள் இல்லத்தில் இந்த யாத்திரையைப் பற்றிய பேச்சு எழுந்தபோது ஒரு சிக்கலும் உடன் எழுந்தது. என் தாயாருக்கு அகவை எழுபத்திரண்டு. வந்தவாசிப் பக்கத்துக் கிராமத்தில் இருந்த நாளில், குந்தகுந்தாசாரியரின் திருவடிகளை வணங்கப் பொன்னூர் மலையை ஆண்டு தவறாமல் ஏறியவர். இப்போது மாடிப்படி ஏறவே முழங்கால் இடங்கொடுப்பதில்லை. "டோலியில் போகலாம் அம்மா" என்றேன். "பிறத்தியார் தோளை அழுத்தி ஏறினால் எனக்கு என்னப்பா புண்ணியம்?" என்றார். அன்று ஆவடியிலிருந்து வந்திருந்த பெரியப்பா, "கூலி கொடுக்கிறோம், அவர்கள் பிழைக்கிறார்கள், இதில் பாவம் எங்கே வந்தது?" என்று கேட்டார்.

இருவர் சொல்லிலும் நியாயம் இருப்பதாகவே எனக்குத் தோன்றியது. தான் செய்தல், பிறரைக் கொண்டு செய்வித்தல், செய்வதற்கு உடன்படுதல் என மூன்று வாயிலாலும் வினை வந்து சேரும் என்பது நம் அறம். கூலி கொடுத்துவிட்டதனால் செய்வித்தல் இல்லையென்று ஆகிவிடாது. ஆயினும் நாமெல்லாம் டோலியைத் துறந்துவிட்டால், அம்மலையடிவாரத்து எளிய குடும்பங்களில் அன்றைய அடுப்பு எரியாது. பிறர் உழைப்பின்மேல் அமராத வாழ்வு இல்லறத்தானுக்கு ஏது? அம்பத்தூர் தொழிற்பேட்டையில் எட்டு மணி நேரம் நின்றபடி கடைசல் எந்திரம் ஓட்டுகிறவரின் கால்வலி நம் கண்ணுக்குத் தெரிவதில்லை. டோலிக்காரரின் மூச்சோ காதருகே கேட்கிறது. நம் உள்ளம் உறுத்துவது பாவத்தினாலா, அந்த ஓசையினாலா என்று என்னையே கேட்டுக்கொண்டேன்.

விடை நூல்களில் இருந்தது. தத்துவார்த்த சூத்திரமும் இரத்தினகரண்டக சிராவகாசாரமும் அஹிம்சை அணுவிரதத்திற்கு ஐந்து குற்றங்களைக் கூறுகின்றன. கட்டுதல், அடித்தல், உறுப்பறுத்தல் ஆகியவற்றோடு மிகுபாரம் ஏற்றுதலும் உணவு நீரைத் தடுத்தலும் அவற்றுள் அடங்கும். குற்றமாக எண்ணப்பட்டது பாரம் அன்று, மிகுபாரம். மாட்டுக்கும் குதிரைக்கும் உரியதென்று இதை நாம் படித்துவிட்டுப் போகிறோம். மனிதத் தோளுக்கு வைத்துப் பார்ப்பதில்லை. ஐந்தாவது குற்றம் என்னை இன்னும் திடுக்கிடச் செய்தது. யாத்திரை நாளில் நாம் நோன்பிருக்கிறோம், நல்லது. நம்மைச் சுமப்பவர் நோன்பு ஏற்றவரா? வந்தனையை விரைவில் முடிக்க வேண்டுமென்று அவரை நிற்கவிடாமல் நடத்தினால், அது நம் நோன்பிலிருந்தே விளைந்த ஹிம்சை அல்லவா?

2019ஆம் ஆண்டு அம்மலையைச் சூழ்ந்த பகுதி சூழலுணர்வு மண்டலமாக அறிவிக்கப்பட்டு, சுற்றுலாவுக்கும் இடமளிக்கப்பட்டது. அதை எதிர்த்து 2022 இறுதியில் நாடெங்கும் சமணர்கள் ஊர்வலம் சென்றனர். 2023 ஜனவரி 5 அன்று மத்திய அரசு சுற்றுலாப் பணிகளை நிறுத்தி வைத்தது. மலையில் மதுவும் புலாலும் நுழையலாகாது என்று நாம் கேட்டது முற்றிலும் சரி. சந்தால் பழங்குடியினருக்கும் அது மராங் புரு என்னும் புனித மலை என்பதை அப்போதுதான் நம்மில் பலர் அறிந்தோம். ஆனால் நம்மைச் சுமக்கும் தோள்களைப் பற்றி அன்று நான் எதையும் எண்ணிப் பார்க்கவில்லை. கிர்நார் மலையில் 2020 முதல் கம்பிவடப் பாதை ஓடுகிறதே, அது போல் இங்கும் வந்தால் சிக்கல் தீருமே என்பாரும் உளர். தோள் வலி தீரும், பிழைப்பும் தீரும்.

அம்மா இறுதியில் இசைந்தார். மதுவனத்தில் எடை பார்த்துக் கூலி பேசினார்கள். நீர்ச் செம்பும் அரிசியும் சால்வையும் அடங்கிய பையை, பிறர் செய்வது போல, டோலியில் மாட்டப் போனேன். "அதை எடையில் வைத்தாயா?" என்றார் அம்மா. நானே சுமந்தேன். கௌதம சுவாமி கூடத்தருகே பொழுது விடிந்தது. தாம் பச்சைத் தண்ணீரும் அருந்தாதவர், அவ்விருவருக்கென்று கொண்டுவந்த பொரியையும் வெல்லத்தையும் என்னிடம் கேட்டு வாங்கிக் கொடுத்து, அவர்கள் உண்டு முடிக்கும்வரை பாறைமேல் அமர்ந்து மந்திரம் ஓதிக்கொண்டிருந்தார். பின்னால் வந்த குழுக்கள் எங்களைக் கடந்து போயின. அதில் எனக்குச் சற்று எரிச்சல்கூட வந்தது, மறைப்பானேன்.

பார்சுவநாதர் கூடத்தின் இறுதிப் படிகளில் டோலியை நிறுத்தச் சொல்லி இறங்கி, என் தோளைப் பற்றிக்கொண்டு ஏறினார். ஊர் திரும்பிய பின் உறவினர் கேட்கும்போது, சிகரம் ஏறினேன் என்று அவர் சொல்வதில்லை. "ஏற்றிவிட்டார்கள்" என்றே சொல்கிறார்.