படித்ததெல்லாம் வீணா?

இருக்கிற வேலையை விட்டு வேறொன்றுக்குப் போகிறேன் என்று சொல்லிப் பாருங்கள். வீட்டில் எழும் முதல் கேள்வி, "இத்தனை வருஷம் படிச்சதெல்லாம் வீணா?" என்பதுதான். கணக்கு வாத்தியார் வேலையை விட்டு எழுத வந்தபோது அப்பா என்னிடமும் அதைக் கேட்டார். அன்று நான் சொன்ன பதில் எனக்கே திருப்தியாக இல்லை.

நல்ல பதில் பிற்பாடு ஆங்கிலேய நாடக இயக்குநர் மைக்கேல் கிராண்டேஜின் வாழ்க்கையில் கிடைத்தது. 1962-ல் யார்க்‌ஷரில் பிறந்து, கார்ன்வாலின் பென்சான்ஸில் வளர்ந்தவர். லண்டனில் நடிப்புப் படித்து, பத்தாண்டுக்கு மேல் நடிகராகவே பிழைத்தார். 1996-ல் கோல்செஸ்டரின் மெர்குரி தியேட்டரில் முதன்முதலாக ஒரு நாடகத்தை இயக்கினார்: ஆர்தர் மில்லரின் 'தி லாஸ்ட் யாங்கி'.

அந்த நாடகத்தில், மனநல மருத்துவமனையில் மனைவிகளைப் பார்க்க வந்த இருவர் காத்திருக்கிறார்கள். ஒருவர், அமெரிக்காவை நிறுவியவர்களில் ஒருவரான அலெக்சாண்டர் ஹாமில்டனின் வம்சம். செய்வதோ தச்சு வேலை. பக்கத்தில் இருப்பவருக்கு இது ஜீரணமாகவில்லை. தச்சருக்குத் தன் தொழிலில் வெட்கமில்லை. கவலையெல்லாம் மனைவியைப் பற்றித்தான். நடிப்பை விட்டு வந்தவர் முதலில் கையிலெடுத்தது இந்த நாடகம் என்பதை நினைத்து நினைத்து ரசித்திருக்கிறேன்.

2000-ல் ஷெஃபீல்டு அரங்குகளின் கலை இயக்குநரானார் கிராண்டேஜ். 2002-ல் லண்டனின் டான்மார் வேர்ஹவுஸும் கைக்கு வந்தது. 2005 வரை இரண்டையும் சேர்த்தே நடத்தினார். டான்மார், ஒருகாலத்தில் வாழைப்பழம் பழுக்க வைத்த கிடங்கு. சுமார் 250 இருக்கைகள்தான். நடிகரின் மூச்சு வாங்குவது கடைசி வரிசைக்கும் கேட்கும்.

அங்கேதான் 2009-ல், ஓவியர் ராத்கோவைப் பற்றிய 'ரெட்' நாடகத்தை மேடையேற்றினார். அதில் ஒரு காட்சி: ஓவியரும் உதவியாளரும் ஒரு பெரிய கான்வாஸ் முழுக்கச் சிவப்பு அடிப்பூச்சு அடிக்கிறார்கள். வசனம் ஓய்ந்துவிடுகிறது. தூரிகைகள் பாய்கின்றன, சாயம் தெறிக்கிறது. முடியும்போது இருவருக்கும் இரைக்கிறது. பேச்சை நிறுத்திவிட்டு நடிகரின் உடம்பை நம்ப ஓர் இயக்குநருக்குத் துணிவு வேண்டும். அந்தத் துணிவு அவருக்கு நடித்த வருஷங்களில் வந்தது என்று நினைக்கிறேன். அடுத்த ஆண்டு பிராட்வேயில் அந்த நாடகத்துக்காகச் சிறந்த இயக்குநருக்கான டோனி விருது பெற்றார்.

என் கதை அவ்வளவு பெரிதல்ல. ஆனால் கரும்பலகையில் ஒரு படியைத் தாண்டினால் கடைசி பெஞ்சுப் பையன் தொலைந்துபோவான் என்று வகுப்பறை எனக்குச் சொல்லிக்கொடுத்தது. இன்றும் ஒரு பத்தியை முடித்ததும் அந்தப் பையனைத்தான் தேடுகிறேன்.

உங்கள் வீட்டில் யாராவது தொழில் மாறப் போவதாகச் சொன்னால், படித்தது வீணா என்று கேட்காதீர்கள். இங்கிருந்து எதை எடுத்துக்கொண்டு போகிறாய் என்று கேளுங்கள். பதில் வரவில்லையென்றால், இன்னும் ஒரு வருஷம் பொறுக்கச் சொல்லுங்கள்.