இல்லாதவரும் கொடுக்காதவரும்



கடன் கொடுத்தவர் கோர்ட்டுக்குப் போகிறார். டிக்ரி ஆகிறது. பணம் மட்டும் வரவில்லை. அடுத்ததாக, வாங்கியவரைக் கைது செய்து சிவில் சிறையில் வைக்க மனுப் போடுகிறார். இது நீதியா, அநீதியா?

கடனாளி சிரமத்தில் இருந்தால் வசதி வரும்வரை அவகாசம் கொடுங்கள், தர்மமாக விட்டுவிடுவது இன்னும் சிறந்தது என்ற கருத்தை சூரத்துல் பகராவின் 280ஆம் வசனம் தருகிறது. வசதியுள்ளவர் இழுத்தடிப்பது அநியாயம் என்று கண்மணி நாயகம் (ஸல்) அவர்கள் கண்டித்தார்கள். ஒன்று இல்லாதவருக்கு, மற்றது இருந்தும் கொடுக்காதவருக்கு. இருவரையும் ஒரே தராசில் நிறுத்தினால் நீதி கெட்டுவிடும். அதனால்தான் நமது ஃபுகஹாக்கள், வசதி உண்டா இல்லையா என்று தெளிவாகும்வரை காழி சிறை வைக்கலாம், இல்லாமை உறுதியானால் விட்டுவிட வேண்டும் என்றார்கள்.

நம் நாட்டுச் சட்டமும் இந்த வித்தியாசத்தைப் பார்க்கிறது. 1980ல் ஜாலி ஜார்ஜ் வர்கீஸ் வழக்கில் நீதிபதி வி.ஆர். கிருஷ்ணய்யர், கட்டவில்லை என்பதற்காக மட்டும் ஒருவரைச் சிறையில் தள்ள முடியாது, கெட்ட எண்ணம் இருக்க வேண்டும் என்று தீர்ப்பளித்தார். சிவில் நடைமுறைச் சட்டம் 51வது பிரிவின்படி, கடனாளிக்குத் தன் பக்கத்தைச் சொல்ல வாய்ப்புத் தர வேண்டும். ஓடி ஒளியப் பார்க்கிறாரா, சொத்தை மறைத்தாரா, வசதி இருந்தும் மறுக்கிறாரா என்று விசாரித்துக் காரணத்தை எழுத வேண்டும். பெண்களைப் பணத்துக்கான டிக்ரியில் கைது செய்யவே முடியாது.

"சிறைப் பயம் இல்லாவிட்டால் யார் திருப்பித் தருவார்?" என்று கேட்கலாம். நியாயமான கேள்விதான். கொடுத்தவரும் மகள் கல்யாணத்துக்குச் சேர்த்த காசைக் கொடுத்த ஏழையாக இருக்கலாம். ஆனால் ஏமாற்றுபவருக்கு அந்தப் பயம் இன்னும் இருக்கிறது. இல்லாதவரை மூன்று மாதம் அடைத்தால் அவருடைய சம்பாத்தியமும் போகும். அவருடைய சாப்பாட்டுச் செலவையும் கடன் கொடுத்தவரே கட்ட வேண்டும். லாபம் யாருக்கு?

கடனாளிகளே! கோர்ட் கைதை நிறுத்தினால் கடன் நின்றுவிடவில்லை. சிறையிலிருந்து வந்தாலும் கடன் தீராது என்றே சட்டம் சொல்கிறது. வீட்டை மனைவி பெயருக்கு மாற்றிவிட்டு "என்னிடம் ஒன்றுமில்லை" என்பவர் நீதிபதியை ஏமாற்றலாம். ரப்பை ஏமாற்ற முடியாது. கடனோடு மவ்தானவரின் ஜனாஸாவுக்கு, அபூ கதாதா (ரலி) பொறுப்பேற்கும்வரை நாயகம் (ஸல்) தொழவைக்கவில்லையே!

மஸ்ஜிதுந் நபவியில் கஅப் இப்னு மாலிக் (ரலி) தம் கடனைக் கேட்க, சத்தம் உயர்ந்தது. நாயகம் (ஸல்) வெளியே வந்து, பாதியை விட்டுவிடும்படி கஅபுக்குச் சைகை செய்தார்கள். அவர் உடனே ஏற்றார். மற்றவரிடம், எழுந்து மீதியைக் கொடுக்கச் சொன்னார்கள். ஒருவருக்கு விட்டுக்கொடுத்தல்; மற்றவருக்குத் தாமதமில்லாத நிறைவேற்றம்.

மனுப் போடும் முன் நம் ஜமாஅத்திலும் இருவரையும் உட்கார வைப்போம். தவணையை எழுதிக்கொள்வோம். உண்மையில் இல்லாதவருக்கு ஜகாத்தில் கடனாளிகளுக்கென்று ஒரு பங்கு இருக்கிறது.

வல்ல ரஹ்மான் நம் அனைவரையும் கடன் சுமையிலிருந்தும், கடன்பட்டவரை நசுக்கும் கல்நெஞ்சிலிருந்தும் காப்பானாக! ஆமீன்.