அடைக்கலம் கடனைத் தீர்க்குமா?

பசிபிக் பெருங்கடலில், ஹவாய்க்கும் ஆஸ்திரேலியாவுக்கும் நடுவே கிடக்கிறது துவாலு. ஒன்பது பவளத் தீவுகள், எல்லாம் சேர்ந்து 26 சதுர கிலோமீட்டர் நிலம், ஏறத்தாழ 11,000 மக்கள். 2023 நவம்பரில் இந்நாடு ஆஸ்திரேலியாவுடன் ஃபாலேபிலி ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டது. ஆண்டுக்கு 280 துவாலு மக்கள் ஆஸ்திரேலியாவில் குடியேறி, படித்து, வேலை செய்ய அது வழிவிடுகிறது. அந்த இடங்களுக்காக 2025இல் நடந்த முதல் குலுக்கலுக்குக் குடும்பத்தாரையும் சேர்த்து 8,750 பேர் பதிவு செய்தார்கள். நாட்டு மக்களில் ஐந்தில் நான்கு பேர் என்றே சொல்லலாம். கடல் எவ்வளவு உயர்ந்தாலும் துவாலு ஒரு நாடாகவே நீடிக்கும் என்று அந்த ஒப்பந்தம் ஏற்பதும் சிறிய விஷயமல்ல. ஆனாலும் ஒரு கேள்வி எஞ்சி நிற்கிறது. ஓர் ஊர் வாழத் தகாததாக ஆனதற்குக் காரணமானவர்களில் ஒருவர், அந்த ஊராருக்குத் தன் ஊரில் இடம் கொடுத்தால், அவர் பட்ட கடன் தீர்ந்துவிடுமா? தீராது என்பதே இக்கட்டுரையின் நிலை.

துவாலுவில் ஆறு இல்லை, ஓடை இல்லை. பெய்கிற மழை பவள மண்ணுக்குள் இறங்கி, அடியிலிருக்கும் உப்புநீரின் மேல் ஒரு மெல்லிய நன்னீர்ப் படலமாக மிதக்கிறது. அந்த நன்னீர் தட்டுப்படும் ஆழம்வரை குழி வெட்டி, இலைதழைகளை மக்கவைத்து, அதில் புலாக்கா என்னும் பெருஞ்சேம்பை வளர்ப்பது அங்கே தலைமுறை தலைமுறையாக வரும் வேளாண்மை. கடல் ஏறும்போது உப்பு கரையைத் தாண்டித்தான் வரவேண்டும் என்பதில்லை; அடியிலிருந்தே மேலேறி வருகிறது. ஆண்டின் தொடக்க மாதங்களில் பேரோதம் வரும் நாள்களில், தலைநகர் ஃபுனாஃபுட்டியில் நிலத்தின் துளைகள் வழியே கடல்நீர் குமிழியிட்டுப் பொங்குகிறது. குழியில் உப்பேறினால் கிழங்கு அழுகிவிடும். சுவர் எழுப்பி இதைத் தடுக்க முடியாது. முப்பது ஆண்டுகளில் அங்கே கடல்மட்டம் ஏறத்தாழ 15 சென்டிமீட்டர் உயர்ந்திருக்கிறது. அதே வேளையில், 2018இல் வெளியான ஆக்லாந்து ஆய்வாளர்களின் ஆய்வு, 1971 முதல் 2014 வரை துவாலுவின் நிலப்பரப்பு குறையவில்லை, 2.9 விழுக்காடு கூடியிருக்கிறது என்று காட்டியது. அலைகள் பவளத் துகள்களையும் மணலையும் கொண்டுவந்து சேர்ப்பதால் இது நடக்கிறது. நேர்மையான ஆய்வுதான், அதை மறைத்துப் பேசுவது தவறு. ஆனால் “பார்த்தீர்களா, ஆபத்தே இல்லை” என்று அதைத் தூக்கிப் பிடிப்பவர்கள் பரப்பை மட்டும் அளக்கிறார்கள். கிணற்று நீர் குடிக்க ஆகுமா, குழியில் கிழங்கு விளையுமா என்பதை நிலப்பரப்பின் கணக்கு சொல்லாது.

சரி, யார் குற்றம் இது? நிலக்கரியை எரித்தவர்களுக்கு விளைவு தெரியாதே, தெரியாமல் செய்ததற்குப் பேரன் பேத்திகளைப் பொறுப்பாக்கலாமா என்ற வாதத்தில் ஓரளவு நியாயம் உண்டு. 1900இல் கரி எரித்தவரைக் குற்றவாளி என்பது முறையல்ல. ஆனால் பருவநிலை மாற்றத்துக்கான ஐ.நா. அறிவியல் குழுவின் முதல் அறிக்கை 1990இல் வந்துவிட்டது. 1850 முதல் 2019 வரை மனிதர்கள் வெளியேற்றிய கரியமில வாயுவில் சுமார் 42 விழுக்காடு அந்த ஆண்டுக்குப் பிறகு வெளியேறியது. அதாவது, நன்றாகத் தெரிந்தே. இங்கே இந்தியாவும் ஒதுங்கிக்கொள்ள முடியாது. தலைக்கணக்கில் நம் பங்கு குறைவு, பழைய கணக்கிலும் குறைவு. என்றாலும் ஆண்டு மொத்தத்தில் உலகில் மூன்றாம் இடம் நம்முடையது. பொறுப்பு எல்லோருக்கும் சமமல்ல, ஆனால் துவாலுவைத் தவிர மற்ற பலருக்கும் உண்டு.

பதினோராயிரம் பேருக்காகக் கோடி கோடியாகக் கொட்டித் தீவுகளைக் காப்பதைவிட அவர்களை இடம் மாற்றுவதே சிக்கனம் என்று கணக்குப் போடுகிறவர்களும் இருக்கிறார்கள். சிக்கனம் யாருக்கு என்பதை அந்தக் கணக்கு கேட்பதில்லை. சேதம் செய்தவர் தம் செலவைக் குறைப்பதற்காக, சேதம் அடைந்தவர் தம் மண்ணை விட்டுக்கொடுக்க வேண்டும் என்பதாகவே அது முடிகிறது. தவிர, தங்குவது நடவாத காரியமும் அல்ல. 2023இல் ஃபுனாஃபுட்டியில் ஏழு ஹெக்டேருக்கு மேல் நிலம் கடலிலிருந்து மீட்கப்பட்டது. 2100க்குப் பின்னும் நீருக்கு மேலே நிற்கும்படி அது வடிவமைக்கப்பட்டிருக்கிறது. நன்னீர்ப் படலத்தை அது திரும்பக் கொண்டுவராது. என்றாலும் வீடும் பள்ளியும் கட்ட இடம் தரும்.

துவாலு மக்களே வரிசையில் நிற்கிறார்களே என்பது இன்னும் கனமான வாதம். அவர்களில் பலர் வேலைக்காகவும் பிள்ளைகளின் படிப்புக்காகவும் மருத்துவத்துக்காகவும் போக விரும்புகிறார்கள். அதில் குறை சொல்ல யாருக்கும் உரிமையில்லை. புலம்பெயர்வது மனிதருக்குப் புதிதும் அல்ல. 1947இலேயே வைட்டுப்பு தீவிலிருந்து சில குடும்பங்கள் ஃபிஜியின் கியோவா தீவுக்குப் போய்க் குடியேறியிருக்கின்றன. திரும்பி வர ஊர் இருக்கும்போது புறப்படுகிறவர் தேர்ந்தெடுக்கிறார். அந்த வாசல் மூடிக்கொண்டு வரும்போது புறப்படுகிறவருக்கு அந்தத் தேர்வு பாதியாகிவிடுகிறது. எனவே விசா தருவது நல்ல காரியம்தான், ஆனால் அது கடனின் ஒரு சிறு தவணை மட்டுமே. தங்க விரும்புகிறவருக்குத் தங்கும் வழியைக் காப்பது பெரும்பகுதி.

ஒப்பந்தத்தைத் துவாலு விரும்பித்தானே ஏற்றது என்றால், அதன் நான்காம் பிரிவைப் படிக்கவேண்டும். பாதுகாப்பு தொடர்பாக வேறெந்த நாட்டுடன் துவாலு உடன்பாடு செய்வதானாலும் ஆஸ்திரேலியாவின் ஒப்புதல் வேண்டும் என்கிறது அது. துறைமுகமும் தொலைத்தொடர்பும்கூட அதில் அடங்கும். தரவேண்டியதைத் தரும்போது அதற்கு ஈடாக ஒன்றை வாங்கிக்கொண்டால் அது கடன் தீர்ப்பதாகாது, வியாபாரமாகிவிடும். முதல் குலுக்கல் நடந்த அதே 2025இல், நார்த் வெஸ்ட் ஷெல்ஃப் எரிவாயுத் திட்டத்தை 2070 வரை நடத்த ஆஸ்திரேலிய அரசு ஒப்புதல் அளித்தது. அந்த ஆண்டு ஜூலை 23 அன்று பன்னாட்டு நீதிமன்றம் தந்த ஆலோசனைக் கருத்தில், புதைபடிவ எரிபொருளைத் தேட உரிமம் வழங்குவதும் ஓர் அரசின் சட்டமீறலாகக் கருதப்படலாம் என்று சொல்லப்பட்டது. அக்கருத்து எந்த நாட்டையும் கட்டுப்படுத்தாது. நான்காம் பிரிவை நீக்கும்படி யாரும் ஆஸ்திரேலியாவை வற்புறுத்தவும் முடியாது. ஆனால் 280 விசாக்களைக் கடமையென நினைத்துத் தருகிற அரசு, நான்காம் பிரிவையும் எரிவாயுத் திட்ட ஒப்புதலையும் மறுபரிசீலனை செய்ய நீதிமன்ற ஆணைக்குக் காத்திருக்கத் தேவையில்லை.