கண்ணாடிப் பெட்டிக்குள் ஒரு சப்பாத்து

விளையாட்டுத் திடலில் செய்யப்படும் காரியம் பாவமாகுமா என்று கேட்டால் சிரிப்பவர்கள் உண்டு. தொண்ணூறு நிமிடம் ஓடுகிறார்கள், மத்தியஸ்தர் ஊதலை ஊதுகிறார், கைகுலுக்கிக்கொண்டு வீடு செல்கிறார்கள். அங்கு நடந்தது அங்கேயே முடிந்துவிட்டது என்பது அவர்களது வாதம். ஆனால், அன்பான வாசகரே, எல்லைக்கோட்டைத் தாண்டி உள்ளே போகிறவன் தன் மனச்சான்றை உடைமாற்றும் அறையில் கழற்றி வைத்துவிட்டுப் போக முடியுமா? இக்கேள்வியைத் தெளிவாகச் சிந்திப்பதற்கு ஸ்பெயின் நாட்டு உதைபந்தாட்ட வீரர் ஒருவரின் வாழ்க்கை நமக்கு உதவும். அவர் கோல் அடித்துப் புகழ் பெற்றவரல்லர். அடிக்க வருபவரைத் தடுப்பதே அவரது தொழில்.

ஸ்பெயினின் வடகரையில் பாஸ்க்கு மக்கள் வாழும் பிஸ்காயா மாகாணத்தில், அலொன்சோத்தெகி என்னும் சிற்றூரில், 1956ஆம் ஆண்டு ஆகஸ்ட் 23ஆந் திகதி பிறந்தவர் அந்தோனி கொய்கோவெச்சேயா. அந்தோனி என்பது நம் வீடுகளில் வழங்கும் அதே அந்தோனியாரின் பெயர்தான். மற்றப் பெயருக்கு அம்மொழியில் ‘மேலேயுள்ள வீடு’ என்று பொருளாம். ஆகவே நம்மவர் அவரை ‘மேல்வீட்டு அந்தோனி’ என்று அழைத்திருப்பார்கள். அவரது ஊரவர் சுருக்கமாகக் ‘கொய்கோ’ என்றார்கள். நாமும் அவ்வாறே அழைப்போம்.

அவர் ஆடிய கழகம் அத்லெத்திக் பில்பாவோ. பாஸ்க்கு மண்ணில் பிறந்தவர்களையும் அங்கு வளர்ந்து பயின்றவர்களையும் மட்டுமே சேர்த்துக்கொள்ளும் வழக்கத்தை அக்கழகம் நெடுங்காலமாகக் காத்து வருகிறது. 1913 முதல் 2013 வரை அது ஆடிய பழைய திடலுக்குச் ‘சான் மமேஸ்’ என்று பெயர். பக்கத்திலிருந்த புனித மாமாஸின் சிற்றாலயத்தால் வந்த பெயர் அது. இப்புனிதர் செசரேயாவில் சிங்கங்களுக்கு இரையாகப் போடப்பட்டும் அவை தீண்டாமல் விட்ட வேதசாட்சி என்பது மரபு. அதனால் வீரர்களுக்குச் ‘சிங்கங்கள்’ என்ற பெயரும், திடலுக்குப் ‘பேராலயம்’ என்ற பட்டமும் உண்டு. வெற்றிக் கிண்ணங்களைப் பெகோஞ்ஞா அன்னையின் திருத்தலத்துக்குக் கொண்டுபோய்க் காணிக்கையாகக் காட்டுவதும் அவர்களது வழக்கம். ஆக, விசுவாசமும் விளையாட்டும் இவ்வளவு நெருங்கிப் பின்னிக் கிடக்கும் நகரம் ஒன்றிலேதான் நம் கதை நடக்கிறது.

கொய்கோ 1970களின் நடுவிலிருந்து 1987 வரை அங்கே ஆடினார். 1983இலும் 1984இலும் அக்கழகம் தேசிய லீக்கில் முதலிடம் பெற்றபோது பின்வரிசையின் தூணாக நின்றவர் அவர். ஸ்பெயின் தேசிய அணிக்காக 39 தடவை ஆடினார். 1986ஆம் ஆண்டு மெக்சிக்கோவில் நடந்த உலகக் கிண்ணப் போட்டியில் டென்மார்க்கை 5–1 என்று ஸ்பெயின் வென்றபோது தண்டனை உதை ஒன்றைக் கோலாக்கினார். பின்னர் மட்ரிட் நகரின் அத்லெத்திக்கோ கழகத்துக்குச் சென்று 1990இல் ஓய்வு பெற்றார். பயிற்றுநராகவும் பணியாற்றினார். நல்ல தொழிலாளி ஒருவரின் கணக்கு இது. ஆனால் உலகம் அவரை நினைப்பது இதற்காக அல்ல.

1983ஆம் ஆண்டு செப்டம்பர் 24ஆந் திகதி, பார்சலோனா நகரின் பெருந்திடலில் அத்லெத்திக்கும் பார்சலோனாவும் மோதின. ஆட்டத்தின் பிற்பாதியில், நடுத்திடலை அண்டிய ஓரிடத்தில், பந்தை நோக்கித் திரும்பிய டியேகோ மரடோனாவைக் கொய்கோ பின்புறமிருந்து பாய்ந்து தாக்கினார். மரடோனாவின் இடது கணுக்கால் முறிந்தது. மூட்டு நார்களும் கிழிந்தன. அப்போது அவருக்கு வயது 22. மத்தியஸ்தர் காட்டியது மஞ்சள் அட்டை மட்டுமே. ஆட்டம் தொடர்ந்தது, பார்சலோனா 4–0 என்று வென்றது. பின்னர் ஒழுங்கு விசாரணையில் கொய்கோவுக்குப் பல ஆட்டங்களுக்குத் தடை விதிக்கப்பட்டு, மேன்முறையீட்டில் அது குறைக்கப்பட்டது. மரடோனா 1984 ஜனவரியில்தான் மீண்டும் களமிறங்கினார்.

இனி வாதத்துக்கு வருவோம். இப்படிப்பட்டவர்களுக்காகச் சொல்லப்படும் நியாயம் எப்போதும் ஒன்றுதான்: “காலை முறிக்க வேண்டுமென்று அவன் நினைக்கவில்லை, பந்தைத்தான் எடுக்கப் பார்த்தான்.” இதை ஒரேயடியாகப் பொய்யென்று தள்ள நமக்கு உரிமையில்லை. உள்ளத்தை அறிபவர் இறைவன் ஒருவரே. ஆயினும், ‘நினைக்கவில்லை’ என்ற ஒரு சொல்லோடு கணக்கு முடிந்துவிடுமா?

புனித தோமஸ் அக்குவினாஸ் தற்காப்பைப் பற்றி ஆராயுமிடத்தில் நுட்பமானதொரு கருத்தைக் கூறுகிறார். ஒரே செயலிலிருந்து இரு விளைவுகள் பிறக்கலாம். ஒன்று நாம் கருதியது, மற்றது கருத்துக்கு வெளியே நேர்வது. ஒருவன் தன் உயிரைக் காக்கக் கருதி எதிர்க்கும்போது, தாக்கியவன் இறந்துபோனாலும் அச்செயல் தன்னளவில் குற்றமாகாது. மேற்கோள் காட்டுவோர் பெரும்பாலும் இவ்விடத்திலேயே நிறுத்திக்கொள்கிறார்கள். தோமஸ் நிறுத்தவில்லை. தேவைக்கு மிஞ்சிய வன்மையை ஒருவன் கையாண்டால், அவன் கருத்து நல்லதாயிருப்பினும் செயல் நியாயமற்றதாகிவிடும் என்று உடனேயே சேர்த்துச் சொல்கிறார். நோக்கத்தை மட்டும் பார்த்தால் போதாது; நோக்கத்துக்கும் கையாண்ட வன்மைக்கும் பொருத்தமுண்டா என்றும் பார்க்க வேண்டும்.

கோல் வாசலில், இனி ஒரு கணம் தாமதித்தால் பந்து வலைக்குள் என்ற நிலையில், ஒருவன் உயிரைக் கொடுத்துப் பாய்ந்தால் அவனது பதற்றம் நமக்கு விளங்குகிறது. இங்கோ அப்படி ஆபத்து ஒன்றும் இருக்கவில்லை. பந்து இருந்தது நடுத்திடல் பக்கம். தோற்றுக்கொண்டிருந்த ஆட்டம். வந்தது பின்புறமிருந்து. தடுக்கப்பட்ட தீமைக்கும் விளைந்த தீமைக்கும் இடையே எவ்வளவு தூரம் என்று நீங்களே அளந்துகொள்ளுங்கள்.

வேறொன்றும் உண்டு. 1981 டிசம்பரில், இதே கொய்கோவோடு மோதியதில் பார்சலோனாவின் ஜேர்மானிய வீரர் பேர்ண்ட் ஷூஸ்டரின் முழங்கால் கெட்டது. மாதக்கணக்காக அவரால் ஆட முடியவில்லை. 1982ஆம் ஆண்டின் உலகக் கிண்ணப் போட்டியில் மேற்கு ஜேர்மனி அவரின்றியே ஆடியது. அந்தச் செப்டம்பர் மாலையில் ஷூஸ்டரும் களத்தில் இருந்தார். பழைய கணக்கைத் தீர்ப்பதுபோல் அவர் கொய்கோவை முரட்டுத்தனமாக மோதியதாகவும், பார்சலோனா இரசிகர்கள் அதற்கு ஆரவாரித்ததாகவும், அதன் பின்பே மரடோனா தாக்கப்பட்டதாகவும் சொல்லப்படுகிறது. எனவே தன் காலின் வலிமை இன்னொருவன் காலை என்ன செய்யும் என்பதை ஏற்கெனவே கண்ணாரக் கண்டவர் அவர். அறநெறி இறையியலில் இதற்கென்றே ஒரு பகுப்பு உண்டு: விளைவை நேராக விரும்பாவிட்டாலும், அதன் காரணத்தை அறிந்துகொண்டே விரும்புதல். வளைவில் முந்திச் செல்லும் பஸ் சாரதி எவரையும் கொல்ல விரும்புவதில்லை. முந்துவதை விரும்புகிறான், எதிரே வருபவனின் உயிரை அதற்குரிய விலையாக வைக்கத் துணிகிறான். முதல் விபத்துக்குப் பின்னும் அதே வளைவில் அதே வேகத்தில் முந்துவானானால், “நினைக்கவில்லை” என்ற சொல்லை நாம் முன்போல் எளிதாக ஏற்றுக்கொள்ள மாட்டோம்.

இவ்வளவும் தனி மனிதனைப் பற்றியது. ஆனால் அன்று அத்திடலில் இருந்தது அவர் மட்டுமா? ஷூஸ்டரின் மோதலுக்குக் கைதட்டிய பல்லாயிரம் பேரும் இருந்தார்கள். பில்பாவோவில் நடந்ததையும் கேளுங்கள். சில நாட்களில் சான் மமேஸ் திடலுக்குப் போலந்தின் லெக் பொஸ்னான் கழகம் ஐரோப்பியக் கிண்ணப் போட்டிக்காக வந்தது. அத்லெத்திக் 4–0 என்று வென்றது. நாடெங்கும் கண்டனத்துக்கு ஆளாகியிருந்த கொய்கோவை அங்கே தோளில் தூக்கிச் சுமந்தார்கள். நம்முடையவனை ஊரெல்லாம் ஏசுகிறது, ஆகவே நாம் அவனைத் தூக்கிப் பிடிக்க வேண்டும் என்ற உணர்ச்சி அது. அதில் அன்பும் இருந்தது, மறுப்பதற்கில்லை. கைவிடப்பட்டவனைக் கைவிடாமலிருப்பது நற்செயலே. ஆனால் அந்தத் தோள்களில் ஏறியிருக்கும் மனிதன், மருத்துவமனையில் கட்டுப்போட்ட காலோடு கிடக்கும் மற்றவனை அங்கிருந்து காண முடியுமா என்றுதான் எனக்குத் தோன்றுகிறது. மனந்திரும்புதலுக்கு ஓர் அமைதி வேண்டும். ஏசுகிற கூட்டமும் அதைக் கெடுக்கும், புகழுகிற கூட்டமும் கெடுக்கும். இரண்டில் புகழுகிற கூட்டமே அதிகம் கெடுக்கும் என்பது என் எண்ணம். ஏசப்பட்டவன் இரவில் தனியே படுக்கையிலாவது தன்னைத்தானே கேட்டுப் பார்ப்பான்.

இனி அந்தச் சப்பாத்து. மரடோனாவைத் தாக்கியபோது அணிந்திருந்த சப்பாத்தைக் கொய்கோ தம் வீட்டில் கண்ணாடிப் பெட்டியொன்றில் வைத்திருப்பதாகப் பல்லாண்டுகளாக எழுதப்பட்டு வருகிறது. வாசிப்பவர்கள் முகம் சுளிக்கிறார்கள்: செய்த தீங்கைப் பதக்கமாக்கி வைத்திருக்கிறானே! ஆனால் அதே சப்பாத்தோடுதான் அவர் பொஸ்னான் ஆட்டத்திலும் ஆடினார் என்றும், தோளில் சுமக்கப்பட்ட அந்த இரவின் நினைவாகவே அது காக்கப்படுகிறது என்றும் மறுபக்கத்தில் கூறப்படுகிறது. ஒரே தோல், ஒரே ஆணிகள். உள்ளே இரண்டு ஆட்டங்கள்.

நினைவுப் பொருளை வைத்திருப்பது நம் சமயத்துக்குப் புதிதன்று. புனிதர்களின் எலும்பையும் ஆடையையும் பேணுகிறோம். சேவல் கூவியதைப் பேதுரு மறக்கவில்லை. திருச்சபையும் அதை மறைக்காமல் நான்கு நற்செய்திகளிலும் எழுதி வைத்திருக்கிறது. பேராலயக் கோபுரங்கள் பலவற்றின் உச்சியில் சேவல் நிற்பதை நீங்கள் படங்களிலாவது பார்த்திருப்பீர்கள். தன் குற்றத்தின் சின்னத்தைக் கண்முன் வைத்திருப்பது நல்ல தவமாகவும் அமையலாம். பேதுருவுக்குச் சேவல் அழுகையை நினைவூட்டியது. அச்சப்பாத்து கொய்கோவுக்கு எதை நினைவூட்டுகிறது? நாம் கேட்க வேண்டிய கேள்வி இதுவே. பெட்டி இருக்கிறதா இல்லையா என்பதல்ல. வெற்றி இரவை மட்டுமே நினைவூட்டுமானால், அதிலே பாதி நினைவு வேண்டுமென்றே துடைக்கப்பட்டிருக்கிறது. நம் வீடுகளிலும் இத்தகைய பெட்டிகள் உண்டு. அண்ணன் தம்பியோடு வழக்காடி வென்ற காணி உறுதியை எத்தனை பேர் அலுமாரியில் பத்திரமாகப் பூட்டி வைத்திருக்கிறோம்! அதைப் பார்க்கும்போது நிலம் தெரிகிறதா, பேச்சற்றுப்போன தம்பியின் முகம் தெரிகிறதா?

மறுபக்கத்தையும் சொல்லாவிட்டால் நாமே அநீதி செய்தவர்களாவோம். ஆங்கிலப் பத்திரிகையாளர் ஒருவர் அவருக்குப் ‘பில்பாவோவின் கசாப்புக்காரன்’ என்று பெயர் வைத்தார். அப்பெயர் நாற்பது ஆண்டுகளாக உலகைச் சுற்றி வருகிறது. பத்துப் பன்னிரண்டு ஆண்டு உழைப்பு, இரண்டு லீக் வெற்றிகள், நாட்டுக்காக ஆடிய 39 ஆட்டங்கள், எல்லாம் அந்த ஒரு சொல்லுக்குள் புதைந்துபோயின. ஒருவன் செய்ததைச் செய்ததென்று சொல்வது உண்மை. செய்த ஒன்றையே அவனுடைய பெயராக்கிவிடுவது வேறு. அது அவதூறுக்கு மிக அருகே நிற்கிறது. பத்திரிகைத் தொழிலில் இருப்பவர்களாகிய எங்களுக்கு மிகவும் இனிக்கும் சோதனையும் அதுவே. பின்புறமிருந்து பாய்ந்து ஒரு காலை முறிப்பவனுக்கு மஞ்சள் அட்டையாவது கிடைக்கிறது. பேனாவால் பாய்பவனுக்கு ஊதல் ஊதுவார் எவருமில்லை.

செயலை நிறுத்துப் பார்க்கலாம், மனிதனைத் தீர்ப்பிடலாகாது என்று மேடைகளில் சொல்வது எளிது. ஏன் அவ்வாறு என்பதற்கு அடுத்த ஆண்டு நடந்ததே போதுமான விளக்கம். 1984ஆம் ஆண்டு மே 5ஆந் திகதி மட்ரிட் நகரில் அரசர் கிண்ண இறுதியாட்டம். மீண்டும் அதே இரு கழகங்கள். எந்திக்கா அடித்த ஒரே கோலினால் அத்லெத்திக் வென்று, லீக்கையும் கிண்ணத்தையும் ஒரே ஆண்டில் தனதாக்கிக்கொண்டது. ஊதல் ஒலித்ததும், அரசர் ஹுவான் கார்லோஸின் கண்முன்னே, பெரும் கைகலப்பு மூண்டது. அதைத் தொடக்கியவர்களில் முதன்மையானவர் மரடோனா. தம்மை ஏளனம் செய்ததாகக் கருதிய அத்லெத்திக் வீரர் ஒருவரை அவர் முழங்காலால் இடித்து வீழ்த்தினார். அதன் பின் கைக்கும் காலுக்கும் எட்டியவர்களையெல்லாம் தாக்கினார். அவரைத் தேடி உதைக்க ஓடிவந்தவர்களில் கொய்கோவும் இருந்தார். எட்டு மாதத்துக்கு முன் எந்த வேதனையால் துடித்தாரோ, அதே வேதனையை இன்னொருவருக்குக் கொடுக்க மரடோனாவுக்கு அன்று தயக்கமேதும் இருக்கவில்லை. இங்கே ‘பந்தைத்தான் எடுக்கப் பார்த்தான்’ என்று சொல்லவும் வழியில்லை. பந்தே அங்கு இருக்கவில்லை.

மரடோனாவுக்கு மூன்று மாதத் தடை விதிக்கப்பட்டது. அவ்வாண்டு கோடையிலேயே அவர் ஸ்பெயினை விட்டு இத்தாலியின் நாப்போலி கழகத்துக்குப் போய்விட்டார். பில்பாவோவில் கிண்ணங்களை ஏந்திய படகு ஆற்றிலே மெல்ல மிதந்து வர, இரு கரைகளிலும் சனம் திரண்டு நின்றது. 2020 நவம்பரில் மரடோனா இறந்தபோது உலகம் அழுதது. அந்த மே மாத இரவுக்காக அவரைக் கசாப்புக்காரன் என்று எவரும் அழைக்கவில்லை.