எல்லாரும் கை தூக்கினால் நாமும் தூக்கலாமா?

ஹிட்லருக்கு ஜெர்மானியர் எப்படித் தலையாட்டினார்கள் என்று 1967-ல் அமெரிக்காவின் கலிபோர்னியாவிலே பள்ளிப் பிள்ளைகள் கேட்டார்கள். ரான் ஜோன்ஸ் என்ற வாத்தியார் வகுப்பிலேயே ஒரு இயக்கம் ஆரம்பித்தார். தனி சல்யூட், உறுப்பினர் அட்டை! சில நாளிலே பிள்ளைகள் திரண்டார்கள். தலைவர் டி.வி.யில் தோன்றுவார் என்று கூட்டினார். திரையிலே ஒன்றுமே இல்லை!

சிரிப்புதான் வருகிறது. ஆனால் சேர்ந்திருக்க ஆசைப்படுவது பாவமா? அல்ல, அந்த ஆசையை வைத்தவரே தேவன். சாத்ராக், மேஷாக், ஆபேத்நேகோவும் சேர்ந்துதான் நின்றார்கள். சிலையை மட்டும் வணங்கவில்லை.

பெற்றோரே, பக்கத்திலிருப்பவனைப் பார்த்து சபையிலே கை தூக்குகிற பிள்ளை, நாளைக்கு வேறு கூட்டத்திலும் தூக்குவான். "ஏன்?" என்று அவன் கேட்டால் அதட்டாதிருங்கள், உட்கார்ந்து பதில் சொல்லுங்கள். கர்த்தர் நம் பிள்ளைகளைக் காப்பாராக. ஆமென்.